பன்னிரண்டு கணினிகளும் ஒரு சந்தனக் கிண்ணமும்

கணினி தெரியாத ஆசிரியர்களுக்கு அரசு ஐந்து நாள் கணினிப் பயிற்சி அளிக்கிறது, விருப்பமுள்ளவர்கள் இணையதளத்தில் தாங்களே பதிவு செய்துகொள்ள வேண்டும். சுற்றறிக்கையில் அப்படித்தான் இருந்தது. கணக்கு டீச்சர் என்பதால் எதையும் இரண்டு தடவை படிக்கும் பழக்கம் எனக்கு உண்டு. இரண்டாம் தடவையும் அதேதான் இருந்தது. நீச்சல் தெரியாதவர்கள் நடு ஆற்றுக்கு வந்து பெயர் கொடுக்கவும் என்பது மாதிரி.

எங்கள் துறையில் 'விருப்பமுள்ளவர்' என்றால் தலைமை ஆசிரியையின் கண்ணில் முதலில் படுகிறவர் என்று பொருள். அவர் அன்று ஸ்டாஃப் ரூமுக்குள் வந்ததும் எல்லோரும் திருத்தாத நோட்டுக் கட்டுகளைப் பிரித்து வைத்துக்கொண்டு குனிந்துவிட்டார்கள். நான் கடலை மிட்டாய் தின்றுகொண்டிருந்தேன். ஓவிய ஆசிரியர் ஜன்னல் வழியாக மலைக்கோட்டையைப் பார்த்துக்கொண்டிருந்தார். நிமிர்ந்திருந்த தலை இரண்டுதான்.

"மேக்ஸ் டீச்சர், நீங்க போயிட்டு வாங்க. சார், நீங்களும் கூடப் போங்க."

"எனக்கு எதுக்கும்மா இது? நான் படம் போடுறவன்" என்றார் ஓவிய ஆசிரியர். ஓய்வு பெற அவருக்கு இன்னும் ஒரு வருஷம்தான் இருந்தது.

"அதுலயும் படம் போடலாமாம் சார்" என்று சொல்லிவிட்டுத் தலைமை ஆசிரியை போய்விட்டார்.

சுற்றறிக்கையின் இரண்டாம் பக்கத்தை நான்தான் படித்தேன். எங்கள் பள்ளிக்கு அரசு பன்னிரண்டு கணினிகள் தருகிறது. ஆனால் இரண்டு ஆசிரியர்கள் பயிற்சியை முடித்து, இணையத்தில் நடக்கும் தேர்விலும் குறிப்பிட்ட தேதிக்குள் தேறவேண்டும். தேறாவிட்டால் கணினிகள் பட்டியலில் அடுத்துள்ள பள்ளிக்குப் போய்விடும். இதைப் படித்ததும் கடலை மிட்டாயைக் கீழே வைத்துவிட்டேன். அந்தப் பன்னிரண்டும் எனக்கு வேண்டும் என்று அப்போதே முடிவு செய்துவிட்டேன். ஏன் அவ்வளவு ஆசை என்று கேட்டால், முசிறியைப் பற்றிச் சொல்லவேண்டும்.

என் கணவர் பொன்மலை ரயில்வே பணிமனையில் வேலை பார்த்தவர். அவர் இறந்த அடுத்த வருஷம், ஸ்ரீரங்கத்தில் இருக்கும் எங்கள் வீட்டுக்குப் பக்கமாக மாறுதல் கேட்டு விண்ணப்பிக்கப் போனேன். விண்ணப்பம் இணையத்தில். எனக்கு மவுஸைப் பிடிக்கவே தெரியாது. கடைவீதியில் ஒரு பிரவுசிங் சென்டருக்குப் போய், அங்கிருந்தவர் கேட்கக் கேட்க விவரம் சொன்னேன். நடுவில் அவர், "முன்னுரிமை எதாச்சும் இருக்கா மேடம்? மாற்றுத்திறனாளி, ராணுவத்துல இருக்கிறவங்க மனைவி, அப்புறம்..." என்று இழுத்து என் முகத்தைப் பார்த்தார். அப்புறம் என்ன என்று எனக்குத் தெரியும். எனக்குப் பின்னால் ஆறு பேர் நின்றிருந்தார்கள். அதில் ஒருவர் என் மாணவியின் அப்பா. கணவர் இல்லை என்பதை அத்தனை பேர் நடுவில் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. "இல்லீங்க" என்றேன். அந்தக் கட்டம் காலியாகவே போனது, எனக்கு நாற்பது கிலோமீட்டர் தள்ளியிருக்கும் முசிறி கிடைத்தது.

இந்தப் பள்ளிக்கு மாறுதல் கிடைக்கும்வரை மூன்று வருஷம் பஸ்ஸில் போய் வந்தேன். வழி நெடுகக் காவிரி அழகாகத்தான் ஓடியது, எனக்குத்தான் அதைப் பார்க்கும் பொறுமை இல்லை. புரியலைன்னா கேளு, வெட்கப்படாதே என்று வகுப்பில் தினமும் சொல்கிறவள், ஒரு கடையில் வாயைத் திறக்காமல் மூன்று வருஷத்தைத் தொலைத்தேன். அந்தக் கட்டத்தை நானே, யாருமில்லாத ஓர் அறையில் உட்கார்ந்து அழுத்தத் தெரிந்திருந்தால்! என் பிள்ளைகளுக்கு அந்த நிலைமை வரக்கூடாது. ஜவுளிக்கடையில் நின்றுகொண்டே புடவை மடிக்கிறவர்களின் பெண்கள், மூட்டை தூக்குகிறவர்களின் பெண்கள். உதவித்தொகைக்கும் கல்லூரிக்கும் அவர்கள் தங்கள் கையாலேயே விண்ணப்பம் போடவேண்டும்.

சரி, பயிற்சிக்குப் பதிவு செய்ய எங்கே போனேன்? அதே பிரவுசிங் சென்டருக்குத்தான்.

பயிற்சி ஸ்ரீரங்கத்தில், சித்திரை வீதிக்கு அருகே ஒரு பள்ளியின் மாடியில் நடந்தது. கண்ணாடிக் கதவுக்குப் பின்னால் கணினிகள் வரிசையாகத் தெரிந்தன. கதவு பூட்டியிருந்தது. சாவி வைத்திருந்தவர் வேறொரு பயிற்சிக்குப் போயிருந்தார். என்ன பயிற்சி என்று விசாரித்தோம். கணினி அறையைப் பராமரிப்பது எப்படி என்ற பயிற்சியாம். சாமி வரம் கொடுத்தாலும் பூசாரி கொடுக்கவேண்டுமே.

பயிற்சி கொடுக்க வந்த பெண்ணுக்கு எங்கள் பழைய மாணவிகளின் வயதுதான் இருக்கும். பாவம், முதல் நாள் சாவிக்காகப் பதினொன்றரை வரை காத்திருந்துவிட்டு, ஆளுக்கு ஒரு சார்ட் பேப்பர் கொடுத்துக் கீபோர்டை வரையச் சொன்னது. ஓவிய ஆசிரியருக்கு வாழ்வு வந்துவிட்டது. ஒவ்வொரு எழுத்துக் கட்டைக்கும் பக்கவாட்டில் நிழல் கொடுத்து, தொட்டால் உள்ளே அமுங்கும் போலத் தெரியும்படி வரைந்தார். மற்றவர்கள் அவரைச் சுற்றி நின்று, "சார், எனக்கும் அந்த எஃப் வரிசையை மட்டும் போட்டுக் குடுங்க சார்" என்று கெஞ்சினார்கள்.

மறுநாள் அந்தச் சார்ட்டில் தட்டச்சு செய்யப் பழகினோம். "இப்ப எல்லாரும் என்டர் தட்டுங்க" என்று அந்தப் பெண் சொல்லும். நாற்பது ஆசிரியர்கள் காகிதத்தில் விரலால் தட்டுவார்கள்.

"தட்டிட்டேன் மேடம். ஒண்ணும் வரலியே?" என்றார் ஒருவர். அவர் கேலிக்குக் கேட்டாரா, நிஜமாகவே கேட்டாரா என்று எனக்கு இன்றைக்கும் தெரியாது.

ஏட்டுச் சுரைக்காய் கறிக்கு உதவாது என்று பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுத்த நாங்களே அந்தச் சுரைக்காயைக் கலர் பென்சிலால் வரைந்துகொண்டிருந்தோம். ஆசிரியர்களைப் பெஞ்சில் உட்காரவைத்தால் என்ன ஆவோம் என்பதையும் அங்கேதான் பார்த்தேன். திரையில் வந்ததையெல்லாம் நோட்டில் எழுதினோம், கடைசியில் வந்த 'நன்றி' உட்பட. நோட்டுக்குக் காக்கி அட்டை போட்டு, ஓரத்தில் மார்ஜின் போட்டோம். பின்வரிசையில் ஊர்க்கதை ஓடியது. மூன்றரை மணி ஆனால், லால்குடி பஸ் போயிடும் மேடம் என்று ஒரு கூட்டம் எழுந்துகொண்டது. இதே காரியத்துக்கு நாங்கள் பிள்ளைகளை முட்டிபோட வைத்திருக்கிறோம்.

நான்காம் நாள் சாவி வந்தது. கதவைத் திறந்து பார்த்தால், ஓடக்கூடிய கணினி நான்குதான். ஒரு கணினிக்குப் பத்துப் பேர். முதலில் மவுஸைத் தொடுவது யார் என்ற கேள்வி எழுந்தது. ஸ்ரீரங்கத்துப் பெரியவர் ஒருவர், சமஸ்கிருத ஆசிரியர், "இதுல என்ன சந்தேகம்? முதல் தீர்த்தம் மூத்தவாளுக்குத்தானே?" என்றார். எல்லோரும் ஒத்துக்கொண்டார்கள். உடனே மூப்புப் பட்டியல் போட்டோம். யார் எந்த வருஷம் பணியில் சேர்ந்தார்கள், ஒரே நாளில் சேர்ந்தவர்களில் முற்பகல் சேர்ந்தவர் யார், பிற்பகல் சேர்ந்தவர் யார் என்று அலசி முடிக்க ஒன்றரை மணி நேரம் ஆனது. எங்கள் குழுவில் கணினி நன்றாகத் தெரிந்த டீச்சர் ஒருவர் இருந்தார். போன வருஷம்தான் வேலையில் சேர்ந்தவர். அவருடைய முறை வருவதற்குள் கரண்ட் போய்விட்டது.

எனக்கு ஏழு நிமிடம் கிடைத்தது. மவுஸை நகர்த்தினேன், அம்புக்குறி நகர்ந்தது. சிரிக்காதீர்கள், எனக்குக் கண் கலங்கிவிட்டது.

ஐந்தாம் நாள் குரூப் போட்டோ எடுத்து, தேர்வுக்கான கடைசி தேதியைச் சொல்லி அனுப்பிவிட்டார்கள்.

தேர்வுக்கு முன்னாலேயே கணினிகள் எங்கள் பள்ளிக்கு வந்து இறங்கின, தேறாவிட்டால் திரும்ப எடுத்துப்போய்விடுவார்களாம். அட்டைப்பெட்டியைக்கூடப் பிரிக்கவிடவில்லை தலைமை ஆசிரியை. "சரஸ்வதி பூஜை வருதுல்ல, பூஜை போட்டுட்டுத் தொடலாம்" என்றார். விடுமுறைக்கு முந்தைய நாள் ஆட்கள் வந்து நூலக அறையில் பன்னிரண்டையும் மேசைமேல் நிறுத்தி, ஒயர் கொடுத்துவிட்டுப் போனார்கள். திரை தனி, பெட்டி தனி என்றில்லாமல் எல்லாம் ஒரே பலகையாக நிமிர்ந்து நிற்கிற ரகம். வாழைக்கன்று கட்டி, பொரி கடலை வைத்து, சந்தனக் கிண்ணத்தோடு எல்லோரும் நின்றபோதுதான் ஒரு சிக்கல் வந்தது. பொட்டு எங்கே வைப்பது?

பீரோ என்றால் கைப்பிடிக்கு மேலே. சைக்கிள் என்றால் ஹேண்டில் பாரில். கணினிக்கு நெற்றி எது? ஸ்ரீரங்கத்திலிருந்து வரும் தமிழாசிரியை, "சின்னதா ஒரு திருமண் இட்டா லக்ஷணமா இருக்குமே" என்றார். தலைமை ஆசிரியைக்கு வீடு திருவானைக்காவலில். "அப்படின்னா விபூதியும் பூசணும்" என்றார். சமயப் போர் மூளுவதற்குள், பொட்டு எல்லோருக்கும் பொது என்று முடிவானது. ஓவிய ஆசிரியர் கிண்ணத்தை வாங்கிக்கொண்டு, கண்ணைச் சுருக்கி, முதல் கணினியைத் தள்ளி நின்று பார்த்தார், கிட்டே போய்ப் பார்த்தார். திரைக்கு மேலே, சரியாக நடுவில், கடுகளவு ஒரு கறுப்பு வட்டம் இருந்தது.

"பாருங்கம்மா, கம்பெனிக்காரனே எடம் விட்டு வெச்சிருக்கான்!" என்றார்.

அந்தக் கம்பெனியை எல்லோரும் பாராட்டினார்கள். வட்டத்தின் மேல் சந்தனம், சந்தனத்தின் மேல் குங்குமம். பன்னிரண்டுக்கும் நூல் பிடித்த மாதிரி, ஒரே அளவில் வைத்து முடித்தார். நானும் கைதட்டினேன். நான் சற்றுத் தள்ளி உட்கார்ந்து, காகிதத்தில் சுண்டல் மடித்துக்கொண்டிருந்தேன். கணவர் போன பிறகு பள்ளிப் பூஜைகளில் எனக்கு அந்த வேலைதான். காரணம் யாரும் சொன்னதில்லை, நானும் கேட்டதில்லை.

விடுமுறையில் ஓவிய ஆசிரியர் தன் தேர்வை முடித்துவிட்டார். தேர்வு எழுதுகிறவரின் முகத்தைக் கணினியே பார்த்து உறுதி செய்துகொள்ளும் என்பதால் ஏமாற்ற முடியாது என்று பயிற்சியில் சொல்லியிருந்தார்கள். அவர் ஏமாற்றவில்லை. கணினிக்கு முன்னால் அவர்தான் உட்கார்ந்திருந்தார். மேசைக்குப் பக்கவாட்டில் தரையில் உட்கார்ந்து, மவுஸை நகர்த்தியது மட்டும் மருமகள். "மூஞ்சி என்னுது, கை அவளுது. நல்ல மார்க் டீச்சர்! நீங்களும் எங்க வீட்டுக்கு வந்துடுங்களேன்" என்று போனில் அழைத்தார். எனக்கு ஒத்துவராது என்றேன். என் வீட்டில் கணினி இல்லை. பள்ளி திறக்கும் நாள்தான் கடைசி நாள், மாலை ஐந்து மணி வரை. பள்ளிக் கணினியிலேயே எழுதிக்கொள்கிறேன், என் கையாலேயே எழுதுகிறேன் என்று வீம்பாக இருந்துவிட்டேன்.

அன்று மதியம் கடைசி வகுப்பை முடித்துவிட்டு, மூன்று மணிக்கு முதல் கணினியின் முன் உட்கார்ந்தேன். ஒரு பக்கம் தலைமை ஆசிரியை, மறுபக்கம் ஓவிய ஆசிரியர். கடவுச்சொல்லை ஒற்றை விரலால் நானே அடித்தேன். திரையில் எழுத்து வந்தது: 'முகம் தெரியவில்லை. போதிய வெளிச்சத்தில் அமரவும்.'

ஜன்னலைத் திறந்தோம். டியூப் லைட்டைப் போட்டோம். முகம் தெரியவில்லை. கண்ணாடியைக் கழற்றினேன். முகம் தெரியவில்லை. ஓவிய ஆசிரியர் கரண்ட் போனால் ஏற்றும் எமர்ஜென்சி விளக்கை என் முகவாய்க்குக் கீழே பிடித்தார். என்னைப் பார்க்கப் பிசாசு மாதிரி இருந்ததாகத் தலைமை ஆசிரியை சொன்னார். பிசாசின் முகமும் தெரியவில்லை. அடுத்த கணினிக்கு மாறினேன், அதற்கடுத்ததற்கும் மாறினேன். பன்னிரண்டில் ஒன்றாவது என்னை அடையாளம் கண்டுகொள்ளும் என்று பார்த்தால், உறவு முறித்துக்கொண்ட பங்காளிகள் போல எல்லாம் ஒரே பதிலைச் சொல்லின. பிறகு புதிதாக ஒரு வரி வந்தது: 'இன்னும் ஒரு முறை மட்டுமே முயலலாம்.'

மணி நாலு பத்து. தேர்வுக்கே நாற்பது நிமிடம் வேண்டும்.

தலைமை ஆசிரியை யோசித்துவிட்டுக் கேட்டார்: "டீச்சர், நீங்க பதிவு பண்ணின போட்டோல பொட்டு இருக்கா?"

இல்லை. அது என் கணவர் இறந்த மாதம் எடுத்த போட்டோ. அப்புறம்தான், யார் என்ன சொன்னால் என்ன என்று சின்னதாக ஸ்டிக்கர் பொட்டு வைக்க ஆரம்பித்தேன்.

"அப்ப அதை எடுத்துட்டுப் பாருங்களேன். மெஷின் கொழம்புதோ என்னமோ."

எடுத்து மேசை விளிம்பில் ஒட்டினேன். எடுத்தபோது கஷ்டமாகத்தான் இருந்தது. ஆனால் பன்னிரண்டு கணினிகள். இருக்கிற ஒரு வாய்ப்பையும் தொலைத்துவிடாமல், முதலில் உதவி எண்ணுக்குப் போன் போட்டு ஸ்பீக்கரில் வைத்தோம். எதிரில் பேசியவர் நிதானமானவர்.

"கேமரா மேல எதாச்சும் ஒட்டியிருக்கா பாருங்க மேடம்."

"ஒண்ணும் ஒட்டலைங்க. புத்தம் புது மெஷின், பூஜை போட்டுத்தான் திறந்தோம்" என்றார் ஓவிய ஆசிரியர்.

என் பயிற்சி நோட்டில் 'கேமரா: உள்ளீட்டுச் சாதனம்' என்று சிவப்பு மையில் அடிக்கோடிட்டு எழுதியிருக்கிறது. அது எங்கே இருக்கும் என்று எழுதவில்லை. நான் கேட்டேன்: "அந்தக் கேமரா எங்கங்க இருக்கும்?"

"ஸ்கிரீனுக்கு மேல மேடம். நடுவுல. கறுப்பா, சின்னதா ஒரு வட்டம் இருக்கும் பாருங்க."

மூன்று பேரும் மேலே பார்த்தோம். வரிசையாகப் பன்னிரண்டு பொட்டுகள், ஒரே அளவில், காய்ந்து கெட்டியாகி, எங்களைப் பார்த்துக்கொண்டிருந்தன.

"தொடைச்சிட்டா சரியாப் போயிடும் மேடம்" என்றது போன்.

ஓவிய ஆசிரியர் இரண்டு கைகளையும் பின்னால் கட்டிக்கொண்டார். "வெச்ச கையாலயே எப்படிம்மா அழிக்கிறது? பூஜைப் பொட்டு" என்றார். தலைமை ஆசிரியை கைக்குட்டையை எடுத்தார், பிறகு மடித்து மறுபடி பைக்குள் வைத்தார். "எனக்கு ஒரு மாதிரியா இருக்கு சார். வீட்ல அவருக்கு வேற ஒடம்பு சரியில்ல, போன மாசம்தான் ஆஸ்பத்திரியிலேர்ந்து வந்தாரு" என்றார். அப்புறம் என் பக்கம் திரும்பினார். "டீச்சர், நீங்கன்னா..."

"நான்னா?"

"தப்பா எடுத்துக்காதீங்க. உங்களுக்கு அந்தப் பயம் இல்லியேன்னு சொன்னேன்."

எனக்குக் காது சூடாகிவிட்டது. "வைக்கிறதுக்கு நான் ஆகமாட்டேன், அழிக்கிறதுக்கு மட்டும் ஆவேனா டீச்சர்?" என்று கேட்டேன். அத்தனை வருஷம் சுண்டல் மடித்தபோது கேட்காததை அன்றைக்குக் கேட்டேன். கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது அவருக்கு. எனக்கும்தான். ஓவிய ஆசிரியர் எமர்ஜென்சி விளக்கை ஏற்றி ஏற்றி அணைத்துக்கொண்டிருந்தார்.

"மேடம், தொடைச்சிட்டீங்களா? லைன்ல இருக்கவா?" என்றது போன்.

எழுந்து போய்விடலாம் என்றுதான் தோன்றியது. கணினிகள் எந்தப் பள்ளிக்காவது போகட்டும், நான் ஸ்ரீரங்கம் பஸ்ஸைப் பிடிக்கிறேன் என்று பையைக்கூட எடுத்துவிட்டேன். மணி நாலு பதினேழு. போனால் எனக்கு ஒன்றும் நஷ்டமில்லை, பிள்ளைகளுக்குத்தான். பையைக் கீழே வைத்தேன். முந்தானை நுனியைத் தண்ணீரில் நனைத்து, முதல் கணினியின் பொட்டை அழுத்தித் துடைத்தேன். நன்றாகக் காய்ந்திருந்தது, நகத்தால் சுரண்டவேண்டியிருந்தது.

என் முகம் திரையில் வந்து நின்றது. கண் சிவந்து, உதடு கோணி, பார்க்கச் சகிக்கவில்லை. கணினி ஒரு நொடிகூட யோசிக்காமல் 'முகம் உறுதி செய்யப்பட்டது' என்றது. அழுத முகத்தோடு எடுத்த போட்டோ அது, பொருந்தத்தானே செய்யும். மேசை விளிம்பிலிருந்த ஸ்டிக்கரை எடுத்து நெற்றியில் வைத்துக்கொண்டு, 'தொடங்குக' என்பதை அழுத்தினேன். அதற்கும் கணினி ஆட்சேபிக்கவில்லை.

ஐந்து மணிக்குள் முடித்தேன். தேறினேன். மதிப்பெண்ணைச் சொல்லமாட்டேன், என் பிள்ளைகள் அதைவிட நன்றாக வாங்குவார்கள்.

"மிச்சம் பதினொண்ணையும்..." என்று தலைமை ஆசிரியை மெதுவாக ஆரம்பித்தார். "நான் ஒண்ணு தொடைச்சாச்சு டீச்சர், இனிமே தொடைக்கமாட்டேன்" என்று சொல்லிவிட்டு பஸ்ஸுக்குக் கிளம்பினேன். மறுநாளும் யாரும் அவற்றைத் தொடவில்லை.

அந்த வாரம் எட்டாம் வகுப்புப் பிள்ளைகளைக் கணினி அறைக்கு அழைத்துப்போனேன். ஒரு கணினிக்கு மூன்று பேர். மூப்புப் பட்டியல் போடவில்லை. கேமராவை எப்படித் திறப்பது என்று சொன்னேன், திறந்தார்கள். ஒன்றில் மட்டும் முகங்கள் தெரிந்தன. மற்ற பதினொன்றும் இருட்டாக இருந்தன.

"டீச்சர், எங்க மெஷின்ல ஒண்ணும் தெரியல டீச்சர்."

"ஏன்னு கண்டுபிடிங்க" என்றேன்.

மூன்று பெரியவர்களும் ஒரு உதவி எண்ணும் சேர்ந்து ஒன்றேகால் மணி நேரம் போராடியதற்கு அவர்களுக்கு ஒரு நிமிடம்கூட ஆகவில்லை. "ஐயே, இதும்மேல போய் யாரோ பொட்டு வெச்சிருக்காங்கடி!" என்று ஒருத்தி எச்சில் தொட்டுத் தேய்த்தாள். அடுத்தடுத்த மேசைகளிலும் தேய்த்தார்கள், நகத்தால், ஸ்கேலால், துப்பட்டாவால். திரை திரையாக முகங்கள் முளைத்தன, நாக்கைத் துருத்திக்கொண்டு, பல்லைக் காட்டிக்கொண்டு, ஒன்றை ஒன்று இடித்துக்கொண்டு. கூச்சல் கேட்டுத் தலைமை ஆசிரியை வாசலில் வந்து நின்றார். உள்ளே வரவில்லை, சத்தம் போடாதீங்க என்றும் சொல்லவில்லை. நின்று பார்த்துக்கொண்டே இருந்தார். அதற்குள் பதினோரு பொட்டையும் பிள்ளைகள் அழித்துவிட்டிருந்தார்கள். அதை யார் அழிக்கலாம், யார் அழிக்கக்கூடாது என்று ஒருத்தியும் கேட்கவில்லை.